நான் விழுங்கிய எட்டாம் அடி

பூவன்விளையில் எட்டாம் அடி காணாமல் போனது ஒரு வியாழக்கிழமை, மதியச் சாப்பாடு முடிந்து நாங்கள் மறுபடியும் சாம்பலில் கை தோய்த்து வேலைக்கு உட்கார்ந்து ஒரு மணி நேரம் கழிந்த பிறகு. அதைத் தொலைத்தது யார் என்று ஊருக்குத் தெரிய ஐந்து மாதம் ஆயிற்று. எனக்கு மட்டும் அந்த நிமிஷமே தெரியும், ஏனென்றால் தொலைத்தவள் நான்.

முந்திரி ஆலையை எங்கள் பக்கத்தில் அண்டி ஆபீஸ் என்போம். நாற்பது பெண்கள் இரண்டு வரிசையாக எதிரும் புதிருமாக உட்கார்ந்து, ஓட்டெண்ணெய் தோலைச் சுடாமலிருக்கக் கையில் சாம்பல் பூசிக்கொண்டு, வறுத்த கொட்டையைக் கல்லில் நிறுத்தி மரக்கட்டையால் தட்டி ஓட்டை உடைத்துப் பருப்பை நொறுங்காமல் எடுக்கும் வேலை. தட்டுவதற்கு ஒரு பாட்டு உண்டு, பாட்டுக்கு எட்டு அடி உண்டு. முதல் அடி பலமாக விழும், ஓடு பிளக்கும். அடுத்த ஆறு அடியும் மெதுவாகக் கொட்டையின் விளிம்பைச் சுற்றி விழும். எட்டாவது அடி விழவே விழாது. எட்டாவதற்குக் கட்டை அந்தரத்தில் நிற்கும், அந்த ஒரு நொடியில் இடது கை ஓட்டைத் தள்ளிப் பருப்பை எடுத்துப் புதுக்கொட்டையை வைத்துவிடும். புதிதாக வேலைக்கு வருகிறவளுக்கு முதல் நாள் கட்டையே கொடுக்க மாட்டார்கள். வெறுங்கையை உயர்த்தி எட்டாவதில் நிறுத்தப் பழக வேண்டும், அது வந்த பிறகுதான் கட்டை. பாட்டுக்காரி பாட்டில் எதை மாற்றுவதாக இருந்தாலும் முந்தின வரியிலேயே "மாத்தப் போறேன் மக்களே" என்று ராகத்தோடு சொல்லிவிட்டுத்தான் மாற்ற வேண்டும். நாற்பது பேரின் விரலும் பாட்டுக்காரியின் நாக்கில் இருக்கிறது என்பது அங்கே எல்லோருக்கும் தெரிந்த சட்டம்.

இருபத்திரண்டு வருஷம் பாட்டுக்காரியாக இருந்தவள் லீதியாள். தொண்டை கட்டிப்போய்ச் சத்தம் எழும்பாமல் ஆனதும் அவளே என்னைக் கைகாட்டினாள். "ஞானப்பூ பாடட்டும், அவளுக்கு எல்லாத்துக்கும் பயம். பயந்தவ எண்ணம் தப்ப மாட்டா" என்றாள். அடிகளின் கணக்கை எங்கள் பக்கத்தில் எண்ணம் என்போம். அதன் பிறகு அவள் எனக்கு எதிர்வரிசையில் உட்கார்ந்து, கண்ணை மூடிக்கொண்டு என் பாட்டுக்குத் தட்டுவாள். நாற்பது பேரில் கண்ணை மூடித் தட்டுகிறவள் அவள் ஒருத்திதான்.

அந்த வியாழக்கிழமை நாலு மணிக்கு என் மகள் ஷைனியைப் பெண் பார்க்க வருவதாக இருந்தார்கள். நான் ஆறாம் வகுப்போடு நின்றவள், அவள் நர்ஸுக்குப் படித்தவள், வருகிறவர்கள் மாடி வீட்டுக்காரர்கள். வாழைக்காய் வறுவலுக்கு எண்ணெய் போதுமா, ஷைனியின் அப்பா முகச்சவரம் செய்திருப்பாரா, கோழி வாசலை அசிங்கப்படுத்தியிருக்குமா என்று என் மனசு வீட்டில் ஓடிக்கொண்டிருக்க, வாய் மட்டும் ஆலையில் பாடிக்கொண்டிருந்தது. கூடை இன்னும் கால்வாசி மிச்சம். ஏழாவது அடி முடிந்தது, எட்டாவதற்கு நான் காத்திருக்கவில்லை. அதை விழுங்கிவிட்டு அடுத்த வரியைப் பிடித்தேன். ஒரு அடியை விழுங்கினால் எவ்வளவு நேரம் மிச்சமாகும் என்று யோசிக்கும் புத்தி அன்றைக்கு இல்லை.

நாற்பது கட்டைகளும் பலமாக இறங்கின. கண்ணைத் திறந்து வேலை செய்தவர்கள் கட்டை இறங்குவதைக் கண்டு விரலை இழுத்துக்கொண்டார்கள், ஏன் இழுத்தோம் என்று நினைக்கக்கூட இல்லை. இரண்டு பேருக்கு நகம் கன்றியது, தங்கள் கவனம்தான் பிசகிற்று என்று வெட்கப்பட்டு முந்தானைக்குள் மறைத்துக்கொண்டார்கள். லீதியாளின் வலது கை என் பாட்டைக் கேட்டது, இடது கை இருபத்திரண்டு வருஷப் பழக்கத்தைக் கேட்டது. ஆள்காட்டி விரலும் நடுவிரலும் நசுங்கின.

ஆஸ்பத்திரிக்குப் போகும் ஆட்டோவில் என் மடியில் சாய்ந்துகொண்டு அவள் சொன்னது இதுதான். "எனக்க எண்ணம் தப்பிப்போச்சு பிள்ள. எனக்கு எண்ணம் தப்பிப்போச்சே."

நான் அவள் விரலில் சுற்றியிருந்த துணியை இறுக்கிக் கட்டினேன்.

மேனேஜர் ஆல்பன் கெட்டவர் இல்லை. நான் ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பியதும் விபத்துக் காகிதத்தை எடுத்து வைத்து, "ஒரே பாட்டுக்குத்தான நாப்பது பேரும் தட்டுனீங்க, முப்பத்தொம்பது பேருக்கு ஒண்ணும் ஆகல்ல" என்றார். தொழிலாளியின் கவனக்குறைவு என்று எழுதினார். சாட்சி வேண்டும், பாட்டுக்காரியை விடப் பெரிய சாட்சி யார் என்று என்னிடம் நீட்டினார். மணி மூன்றரை. நான் என் பெயரை எழுதினேன். என் கையெழுத்தில் எப்போதும் ப-வுக்கும் பூ-வுக்கும் தகராறு வரும், அன்றைக்கு என்னவோ மிக அழகாக வந்தது.

வீட்டுக்கு ஓடினேன். மாப்பிள்ளை வீட்டார் வந்து உட்கார்ந்திருந்தார்கள். பெண்ணைப் பிடித்திருக்கிறதா என்று கேட்டதும் பிடித்திருக்கிறது என்று சொன்னதும் நாள் குறிக்கலாமா என்று கேட்டதும் குறிக்கலாம் என்று சொன்னதும் ஒன்றன் வாலை ஒன்று கடித்துக்கொண்டு வந்தன; காப்பியை ஊதிக் குடிக்கக்கூட நடுவில் இடமில்லாமல் எல்லோரும் நாக்கைச் சுட்டுக்கொண்டார்கள். நல்ல சகுனம் என்றார் என் வீட்டுக்காரர்.

மறுநாள் ஊருக்கே தெரிந்துவிட்டது. பூவன்விளையில் எதற்கு நடுவிலும் எட்டாம் அடி இல்லை. தேவாலய மணியின் ஓர் அடிக்கும் மறு அடிக்கும் நடுவில் ஓசை ஓய்ந்து திரும்பும் அந்தச் சின்ன வெறுமை இல்லை. மணி ஒரே இழுப்பாக, பித்தளையைக் கம்பியாக நீட்டினதுபோல ஒலித்தது. தொட்டில் உச்சிக்குப் போய் ஒரு கணம் நிற்பதில்லை, போன வேகத்தில் திரும்பியது, பிள்ளைகள் தூங்காமல் முழித்துக் கிடந்தன. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் பாட்டு ஒப்புவித்தால் ஒரு பாட்டின் முடிவுக்கும் அடுத்த பாட்டின் துவக்கத்துக்கும் நடுவில் இடமில்லாமல் போய், மாமரத்துப் பாட்டு காக்கைப் பாட்டுக்குள் புகுந்து காக்கை பூத்துக் காய்த்தது. மீன்காரியிடம் விலை கேட்டுவிட்டு முகத்தைத் திருப்பி நின்றால் அவள் இறங்கி வருவாளே, அந்த நிற்கும் நேரமே இல்லாததால் சொன்ன விலைக்கே வாங்கிக்கொண்டு வந்தோம். பிரசங்கத்தில் போதகர் நிறுத்துகிற இடத்தில்தான் சபை இருமும்; அவர் நிறுத்த முடியாமல் போனதால் மொத்தச் சபையும் இருமலை அடக்கி வைத்து, ஆராதனை முடிந்ததும் வெளியே வந்து மரத்தடியில் நின்று இருமியது. புருஷன் பெண்டாட்டி சண்டையில் இரண்டு பேரும் வாயடைத்து நிற்கும் ஒரு நேரம் வருமே, அதில்தான் யாராவது ஒருவர் சோறு எடுத்து வைப்பார்கள், அந்த நேரம் வராமல் சண்டைகள் நாள்கணக்கில் நீண்டன.

ஆனாலும் மனிதர்கள் எதற்கும் பழகிவிடுகிறார்கள், பூவன்விளைக்காரர்கள் கொஞ்சம் சீக்கிரமாகவே பழகிவிடுகிறார்கள். குளத்துப் பாலத்துக்கு அந்தப் பக்கம் எட்டாம் அடி பத்திரமாக இருக்கிறது என்று யாரோ கண்டுபிடிக்க, சண்டை போட்ட தம்பதிகள் சமாதானம் ஆவதற்குப் பாலம் தாண்டிப் போனார்கள், மீன்காரியைப் பாலத்துக்கு அந்தப் பக்கம் கூடையை இறக்கச் சொன்னார்கள், கைக்குழந்தைக்காரிகள் தொட்டில் துணியைத் தோளில் போட்டுக்கொண்டு அங்கே புளியமரத்தில் கட்டித் தூங்க வைத்துத் தூக்கி வந்தார்கள். ஆலையில் மட்டும் பாட்டு நின்றது. எட்டாம் அடி இல்லாமல் மற்றவர்களுக்குப் பாட நாக்கு வருவதில்லை, எனக்கோ லீதியாளின் விரலைப் பார்த்த பிறகு பாட வாய் எழவில்லை, பாட்டு இல்லாமல் தட்டினால் ஒவ்வொருத்தியும் ஒவ்வொரு நேரத்தில் தட்டினாள். ஓலைக் கூரையில் ஆலங்கட்டி விழுகிறதுபோல நாள் முழுக்க இரைச்சல், பருப்பில் பாதி நொறுங்கல். வார்டு மெம்பர் மனு எழுதிக்கொண்டு போனார். இடைவெளி எந்தத் துறையின் கீழும் வராது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

தேவாலயப் பாடகர் குழுவை நடத்துகிறவர் தையல்காரர் ஜெபமணி. அவர் மட்டும் இதை நஷ்டம் என்று சரியாகச் சொன்னார். "எல்லாரும் தட்டுறதுதான் தாளம்னு நெனைக்குறாங்க. நான் துணி தைக்குறேன் பாருங்க, ஊசி துணிக்கு உள்ள போற நேரமும் தையல்தான், வெளிய வந்து நிக்கிற நேரமும் தையல்தான். வெளிய வராத ஊசி தைக்காது, கிழிக்கும். நம்ம பாட்டெல்லாம் இப்பக் கிழிஞ்சுகிட்டு இருக்கு" என்று அவர் ஒரு ஞாயிற்றுக்கிழமை எல்லோர் முன்னாலும் சொன்னபோது நான் மூன்றாவது பெஞ்சில் உட்கார்ந்து என் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஏனென்றால் அது என்னிடம் இருந்தது. விழுங்கின அடி எங்கும் போகவில்லை, என் தொண்டைக்குழிக்குக் கீழே, உடைக்காத ஒரு கொட்டை மாதிரி நின்றுகொண்டிருந்தது. நான் வாயைத் திறந்தால் சொல்லுக்கு முன்னால் அது வரும். "ஞானப்பூக்கா, கறிக்கு உப்பு போட்டாச்சா" என்று கேட்டால், ஒரு அடி நேரம் நின்ற பிறகுதான் என் வாயிலிருந்து "போட்டேன்" என்று வரும். ஊர் முழுக்க மூச்சுவிடாமல் பேசிக்கொண்டிருக்கும்போது ஒருத்தி மட்டும் நின்று பதில் சொன்னால் எப்படி இருக்கும். யோசித்துப் பேசுகிறவள் என்றார்கள். ஆழமானவள் என்றார்கள். வாழ்நாளில் ஒரு விஷயத்தையும் பதறாமல் யோசித்திராத என்னிடம் மகனை எந்தப் படிப்பில் சேர்க்கலாம் என்று வந்து கேட்டார்கள். நான் ஒன்றும் சொல்லத் தெரியாமல் நின்றால் அந்த நிற்கும் நேரத்தில் அவர்களே ஒரு முடிவுக்கு வந்து, "செரி, நீங்க சொல்றது செரிதான்" என்று எழுந்து போவார்கள். பாலம் வரை நடக்க முடியாதவர்கள் குழந்தைகளை என் மடியில் கொண்டுவந்து போட்டார்கள், போட்ட உடனே தூங்கின. வாளை மீன் கொண்டுவந்தார்கள், பலாச்சுளை கொண்டுவந்தார்கள். தேவாலயத்தில் ஜெபத்தை என்னை நடத்தச் சொன்னார்கள், ஆமென் சொல்வதற்கு முன்னால் சபைக்கு என்னிடம் மட்டும்தான் ஒரு மூச்சு கிடைத்தது. கர்த்தர் ஒருத்தியிடமாவது அதை விட்டுவைத்தாரே என்று ஒரு பாட்டி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். திருட்டுப்போன வீட்டுக்காரர்களே திருடியின் வீட்டுக்கு வந்து அவர்கள் பாத்திரத்திலேயே தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு நன்றி சொல்லிவிட்டுப் போகிற மாதிரி இருந்தது எனக்கு. வாளை மீன் முள் ஒவ்வொன்றும் தொண்டையில் அந்தக் கொட்டையில் இடறிக்கொண்டுதான் இறங்கியது. ஆனாலும் தின்றேன், அதையும் சொல்ல வேண்டும்.

லீதியாள் மட்டும் வரவில்லை. இரண்டு விரலும் மேல்கணு வரை போய்விட்டன. ஆலையில் அவள் இடத்தில் வேறு ஒருத்தியை உட்கார வைத்துவிட்டார்கள். அதைவிட, எண்ணம் தப்பினவள் என்ற பெயர் நிலைத்துவிட்டது. "லீதியாளுக்கே எண்ணம் தப்பிச்சு, அதுக்கப்புறம்தான ஊருக்கே தப்பிச்சு" என்று குழாயடியில் பேச ஆரம்பித்து, கடைசியில் ஊரின் எட்டாம் அடியைத் தொலைத்தவளே அவள்தான் என்று ஆகிவிட்டது. யாரும் அவளைத் திட்டவில்லை. மணி ஒரே இழுப்பாக அடிக்கும்போது அவள் வீட்டுப் பக்கம் ஒரு தரம் பார்ப்பார்கள், அவ்வளவுதான். நானும் பார்த்தேன், மற்றவர்கள் பார்க்கும்போது பார்க்காமல் இருந்தால் சந்தேகம் வருமே என்று.

ஐந்தாவது மாதம் ஒரு சனிக்கிழமை காலை பத்து மணிக்கு அவள் வந்தாள். ஷைனியின் கல்யாணச் சேலைக்கு நான் முந்தியில் குஞ்சம் முடிந்துகொண்டிருந்தேன். அவள் எதிரே உட்கார்ந்தாள். கையில் ஒரு பிரம்பு முறம் வைத்திருந்தாள்.

"கல்யாணப் பொண்ணு எங்க?"

நான் ஒரு அடி நின்று, "கடைக்குப் போயிருக்கா" என்றேன்.

"ஆ, இதுதான். ஊரெல்லாம் சொல்லுது, ஒனக்கிட்ட மட்டும் அது இருக்குன்னு. எனக்கும் கொஞ்ச நேரம் வேணும் பிள்ள. நீ பேசாம இரி, போதும்."

முறத்தைக் கவிழ்த்து மடியில் வைத்துக்கொண்டு, மிச்சமிருந்த விரல்களால் தட்ட ஆரம்பித்தாள். முதல் அடி பலமாக. பிறகு ஆறு மெதுவாக. பிறகு கை அந்தரத்தில். மறுபடியும். மறுபடியும். உதடு மட்டும் அசைந்தது.

"என்ன செய்யுத?" என்று கேட்டேன்.

"தேடுகேன்" என்றாள். "அஞ்சு மாசமா அந்தப் பாட்ட மொத வரியில இருந்து தட்டிப் பாக்கேன். எந்த எடத்துல தப்பு விட்டேன்னு கண்டுபிடிச்சிரலாம்னு. வீட்டுல தட்டுனா எட்டாமது வர மாட்டேங்குது, அதுக்கு முன்னாலயே கை எறங்கிருது. ஒனக்க பக்கத்துல செரியா வருது பாரு. எல்லாம் செரியா வருது. எனக்குத் தப்பே வர மாட்டேங்குது பிள்ள. பின்ன எங்கதான் தப்புச்சு?"

சிரித்துக்கொண்டேதான் கேட்டாள். சாம்பலும் ஓட்டெண்ணெயும் கறுப்பாக்கிய அந்தக் கை முறத்தின் மேல் உயர்ந்து, எட்டாவதில் நின்று, எனக்குப் பதில் சொல்ல இடம் விட்டது. எட்டுத் தரம் விட்டதா பத்துத் தரம் விட்டதா, எண்ணவில்லை.

"நீ விடல்ல" என்றேன். "நான்தான் எட்டாமத விழுங்கிட்டேன். நாலு மணிக்கு ஆள் வருதுன்னு."

அவள் முகம் எப்படி மாறும் என்று ஐந்து மாதமாகப் பயந்திருந்தேன். அது மலர்ந்தது. முறத்தைக் கீழே போட்டு என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள்.

"அப்ப எனக்கு எண்ணம் தப்பல்ல?"

"இல்ல."

"நான் செரியாத்தான் தட்டுனேன்?"

"செரியாத்தான்."

"ஏசுவே" என்று சொல்லிக் கண்ணை மூடி, வாய்விட்டுச் சிரித்து, அழுது, என் புறங்கையை முகத்தில் தேய்த்துக்கொண்டாள். இவ்வளவுதானா, இதற்கா இத்தனை நாள் பயந்தோம் என்று எனக்கு உடம்பெல்லாம் லேசாயிற்று. அந்தச் சந்தோஷம் ஒரு வரி பாடும் நேரம் இருந்திருக்கும்.

பிறகு அவள் என் கையை விட்டாள்.

"அப்ப ஒனக்கு அண்ணைக்கே தெரியும்."

நான் மடியிலிருந்த சேலையை மடிக்க ஆரம்பித்தேன்.

"ஆட்டோல நான் பொலம்புனப்பயும் தெரியும். கையெழுத்துப் போட்டப்பயும் தெரியும். எல்லாவளும் எனக்க வீட்டப் பாத்தப்ப நீயும் பாத்த."

"பாத்தேன்."

"செரி." முறத்தை எடுத்துத் தூசி தட்டினாள். "திங்கக்கிழம ஆபீஸ்ல சொல்லு. நாப்பது பேரு முன்னால, ஆல்பன் சாரையும் கூப்பிட்டு வச்சுட்டுச் சொல்லு. நான் வர மாட்டேன். நான் வந்தா நீ அழுவ, நீ அழுதா அவளுவ ஒன்னத் தேத்துவாளுவ. எனக்கு அதப் பாக்க முடியாது."

திங்கட்கிழமை சொன்னேன். என் வீட்டுக்காரரிடம்கூட முன்னால் சொல்லவில்லை. மாடி வீட்டுச் சம்பந்தம் நிற்குமா உடையுமா என்று ஞாயிற்றுக்கிழமை முழுக்க வயிறு எரிந்தது, சொல்லிவிட்டால் இனி யார் குழந்தையை என் மடியில் போடுவார்கள் என்றும் எரிந்தது. இரண்டாவதுதான் அதிகமாக எரிந்தது என்று எழுத வெட்கமாக இருக்கிறது. இரைச்சலுக்கு மேலே கத்த வேண்டியிருந்தது. "மாத்தப் போறேன் மக்களே" என்று பழைய ராகத்தில் கத்தினேன், வேறு எப்படி அவர்களைக் கூப்பிடுவது என்று தெரியவில்லை. எல்லோரும் தலை தூக்கினார்கள். லீதியாள் தப்பு விடவில்லை, நான்தான் சொல்லாமல் எட்டாம் அடியை விழுங்கினேன், அது தெரிந்தே கையெழுத்துப் போட்டேன், இத்தனை நாளும் நீங்கள் என்னிடம் வந்து வாங்கிக்கொண்டு போனது உங்களுடையதுதான் என்று ஒரே மூச்சில் சொன்னேன். சொல்லி முடித்ததும் தொண்டையிலிருந்து அது போய்விட்டது. வலிக்கவில்லை.

நாற்பது கட்டைகளும் அந்தரத்தில் நின்றன. ஆல்பன் சாரின் பேனா நின்றது. வெளியே தேவாலய மணி பத்து அடித்துக்கொண்டிருந்தது, ஓர் அடிக்கும் மறு அடிக்கும் நடுவில் ஓய்ந்து, நின்று, பிறகு அடுத்தது விழுந்தது. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் ஒரு பாட்டை முடித்துவிட்டு மூச்சு வாங்கினார்கள். புளியமரத்திலிருந்த தொட்டில்களை அவிழ்த்துக்கொண்டு பெண்கள் பாலத்தைத் தாண்டி வந்தார்கள். தெருவில் சண்டை போட்டுக்கொண்டிருந்த இரண்டு பேர் வாயடைத்து ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு நின்றதாகப் பின்னால் சொன்னார்கள்.

என்னை யாரும் திட்டவில்லை, யாரும் தேற்றவும் இல்லை. நகம் கன்றியிருந்த இரண்டு பேரும் தங்கள் விரலை எடுத்துப் பார்த்துக்கொண்டார்கள். அதில் ஒருத்தி பேபி சரோஜம், அவள்தான் ரொம்ப நேரம் கழித்து, "எட்டீ, அஞ்சு மாசம் நாங்க புள்ளைகளத் தூக்கிட்டுப் பாலத்துக்கு நடந்தோமே" என்று மட்டும் சொல்லிவிட்டுக் கட்டையை எடுத்தாள்.

காகிதம் மாற்றி எழுதப்பட்டது. லீதியாள் திரும்ப வந்தாள், தட்டுவதற்கு அல்ல, பாடுவதற்கு. தொண்டை கரகரத்தாலும் நாற்பது பேருக்கும் கேட்கிறது, ஏனென்றால் அவள் பாடும்போது நாற்பது பேரும் காதைத் தீட்டிக்கொள்கிறார்கள். நான் இப்போது பின்கட்டில் பருப்பின் மெல்லிய தொலியை உரிக்கும் பகுதியில் இருக்கிறேன், அங்கே பாட்டு கிடையாது. ஷைனியின் கல்யாணம் நடந்தது. போதகர் ஆட்சேபணை உண்டா என்று கேட்டு நிறுத்தினார், அந்த நிறுத்தத்தில் மாடி வீட்டார் ஒரு தரம் என்னைப் பார்த்தார்கள், பிறகு ஒன்றும் சொல்லவில்லை.

ஞாயிற்றுக்கிழமைகளில் ஆராதனை முடிந்து நான் லீதியாளின் வீட்டுக்குப் போகிறேன். போகாதே என்று அவள் சொல்லவில்லை. நாற்காலியைத் துடைத்துப் போட்டுக் காப்பி கொடுப்பாள். ஊரில் எல்லோரோடும் நிறுத்தி, யோசித்து, சிரித்துப் பேசுகிறவள், நான் உட்கார்ந்ததும் ஆட்டுக்குட்டி இரண்டு போட்டது, மழை பிந்திவிட்டது, பேபி சரோஜத்தின் மருமகள் கர்ப்பமாக இருக்கிறாள், கிணற்று மோட்டார் மறுபடியும் புகைகிறது, மரவள்ளி இந்த வருஷம் கசக்கிறது என்று ஒரு சொல்லுக்கும் மறு சொல்லுக்கும் நடுவில் இம்மியும் இடம் விடாமல் பேசிக்கொண்டே இருப்பாள். நான் வாயைத் திறந்து திறந்து மூடுவேன். காப்பி முடிந்துவிடும், டம்ளரை வாங்கிக்கொண்டு பேசிக்கொண்டே வாசல் வரை வந்து, பேசிக்கொண்டே கேட்டைச் சாத்துவாள். மன்னித்துக்கொள் என்பது ஒரு அடிதான் இருக்கும். அதைப் போட அவள் இன்னும் இடம் விடவில்லை.